பதினோரு பொன்பன்றிகள்

யூங்ஹோ வழக்குப் போட்டதே தோற்பதற்காகத்தான். இப்படியும் ஒரு பிறவி உண்டா என்று நீங்கள் கேட்கலாம். தென்சீனாவில், லெலியூ ஊர்ச் சந்தையில் முப்பது வருஷமாக மீன் உருண்டை விற்கிறவள், சில்லறையில் பத்து காசு குறைந்தால்கூட ஊரைக் கூட்டுகிறவள், பணம் கட்டி, மனு எழுதி, மகனையும் சேர்த்துக்கொண்டு முன்னாள் மருமகள்மேல் நகை வழக்குப் போட்டாள். போட்டுவிட்டு, தினமும் காலையில் குவான் யின் தாய்க்கு ஊதுபத்தி ஏற்றி, இந்த வழக்கில் நான் எப்படியாவது தோற்றுவிட வேண்டும் என்று கும்பிட்டாள். தெய்வத்துக்கே குழப்பமாகத்தான் இருந்திருக்கும்.

எல்லாம் பன்றிகளால் வந்த வினை. கல்யாணத்தன்று மணப்பெண் கழுத்தில் பொன்னால் செய்த பன்றிப் பதக்கத்தை மாட்டுவது அங்கே வழக்கம். தாய்ப்பன்றி ஒன்று சாய்ந்து படுத்திருக்கும், அதன் மடியில் குட்டிகள் வரிசையாக முட்டிக்கொண்டிருக்கும். பெண்ணுக்கும் அப்படி வீடு நிறையப் பிள்ளைகள் வேண்டும் என்பது கணக்கு. ஒன்று மாட்டினால் ஊர் பேசாது, மூன்று மாட்டினால் பரவாயில்லை என்று தலையாட்டும், ஐந்தைத் தாண்டினால் பக்கத்து ஊர்வரை பேச்சு போகும். யூங்ஹோ பதினொன்று மாட்டினாள்.

சும்மா மாட்டினாளா? ஒவ்வொன்றையும் உயரத் தூக்கிக் கூட்டத்துக்குக் காட்டி, காமிராக்காரனுக்குக் காட்டி, அவன் சரியாகப் பிடித்தானா என்று கேட்டு, அப்புறம் மாட்டினாள். ஏழாவது பன்றிக்கு மணப்பெண் சிங்லாமின் தலை தானாகக் குனிந்துவிட்டது. மாமியார்மேல் எத்தனை மரியாதை பார் என்று சனங்கள் மெச்சினார்கள். பாரம் தாங்காமல் குனிந்தது அவர்களுக்கு எங்கே தெரியும்?

அந்தப் பதினொன்றில் யூங்ஹோவுடையவை மூன்றுதான். மிச்சம் எட்டும் இரவல்.

இரவல் வாங்கியதிலும் அவள் மூளையைப் பாருங்கள். தேநீர்க் கடை மாடியில், ஜன்னலோர வட்ட மேஜையில், இருபது வருஷமாகத் தினம் காலை கூடுகிற சிநேகிதிகள் நாலு பேர் அவளுக்கு. பன்றி இறைச்சிக் கடை வைத்திருக்கும் ஹெங். கையும் பெரிது, குரலும் பெரிது. பஸ்ஸில் டிக்கெட் கிழித்து ஓய்வு பெற்ற சோய். மருந்துக் கடைக்காரரின் விதவை லின். சட்டையில் ஒரு சுருக்கம் பார்க்க முடியாது. மூன்று வீடுகளை வாடகைக்கு விட்டிருப்பதாகச் சொல்லிக்கொள்ளும் தோ. இந்த நாலு பேரையும் யூங்ஹோ தனித்தனியாகப் போய்ப் பார்த்தாள். ஒவ்வொருத்தியிடமும் ஒரே பாட்டைத்தான் பாடினாள். தன்னிடம் ஒன்பது இருக்கிறது, பதினொன்றாக மாட்டினால் கண்ணுக்கு நிறைவாக இருக்கும், இரண்டு மட்டும் ஒரு நாளைக்குக் கொடு, உன்னிடம் மட்டும்தான் கேட்கிறேன், மற்ற மூன்று பேருக்கும் தெரியவே கூடாது. நாலு பேரும் ஆளுக்கு இரண்டாகக் கொடுத்தார்கள். நாலு பேரும் தான் மட்டும்தான் கொடுத்தோம் என்று நினைத்துக்கொண்டு, கல்யாணத்தில் பதினொன்றையும் எண்ணிக் கைதட்டினார்கள்.

மறுநாள் காலை, மாப்பிள்ளை கின்ஃபாய் குறட்டை விட்டுக்கொண்டிருந்தபோது, மாமியாரும் மருமகளும் சமையலறையில் உட்கார்ந்து எட்டுப் பன்றிகளையும் பிரித்துத் துணியில் சுற்றினார்கள். சிங்லாம் எதுவும் கேட்கவில்லை. எந்த முடிச்சு யாருக்கு என்று சின்னச் சீட்டெழுதிச் செருகியதும் அவள்தான். "யாருகிட்டயும் மூச்சு விடாதே. உன் புருஷனுக்குக்கூடத் தெரியக் கூடாது. உன்னை நம்பித்தான் சொல்றேன்," என்றாள் யூங்ஹோ. அந்தப் பெண் தலையாட்டிவிட்டுக் கஞ்சிக்கு அரிசி கழுவப் போய்விட்டாள்.

கல்யாணம் பத்து மாதம் ஓடியது. கெடுத்தது புறா.

கின்ஃபாய்க்குப் பந்தயப் புறாப் பைத்தியம். முதலில் நாலு வந்தன. பிறகு பால்கனி அவற்றுடையது ஆயிற்று, பிறகு பின்னறையும். சிங்லாம் கேக் செய்து விற்கிறவள். மாவு சலித்தால் இறகு விழும், கிரீம் அடித்தால் இறகு விழும். பிறந்தநாள் கேக் வாங்கிப்போன ஒரு வாடிக்கையாளர், மெழுகுவத்திக்குப் பக்கத்தில் வெள்ளையாக ஒன்று நிற்கிறதே, அது அலங்காரமா என்று படம் பிடித்து அனுப்பிக் கேட்டார். அன்றைக்கு அவள் புருஷனிடம் நானா புறாவா என்று கேட்டுவிட்டாள். அவன் யோசித்துச் சொல்ல இரண்டு நாள் அவகாசம் கேட்டான். அந்த இரண்டு நாள் போதும் என்று அவளுக்குத் தோன்றியதில் தப்பு சொல்ல முடியுமா? சண்டையில்லாமல் கையெழுத்துப் போட்டுப் பிரிந்தார்கள். நகையைப் பற்றி யாரும் ஒரு வார்த்தை எழுதவில்லை.

அத்தோடு விட்டிருக்கலாம். வட்ட மேஜை விடவில்லை.

ஹெங்தான் ஆரம்பித்தாள். "பதினோரு பன்றிடீ. பதினொண்ணு. அவ பாட்டுக்குக் கழுத்துல போட்டுட்டுப் போயிட்டா, நீ பாட்டுக்குத் தேத்தண்ணி குடிச்சிட்டிருக்கே." சோய் ஆமோதித்தாள், லின் பெருமூச்சு விட்டாள், தோ மேஜையைத் தட்டினாள். இத்தனைக்கும் ஒவ்வொருத்திக்கும் அது ஒன்பதுதான் என்று தெரியும். மற்றவர்கள் எதிரில் காட்டிக் கொடுக்கக் கூடாதென்று நல்ல மனதோடு பதினொன்று பதினொன்று என்று கத்தினார்கள். யூங்ஹோவால் மூன்று என்று சொல்ல முடியுமா? சொன்னால் மானம் கப்பலேறிவிடும். ஒரு வாரம் சமாளித்தாள், இரண்டு வாரம் சமாளித்தாள். மூன்றாவது வாரம், மனு எழுதுகிற ஆளையே ஹெங் மேஜைக்கு அழைத்து வந்துவிட்டாள்; ஆவியில் வெந்த இறால் கொழுக்கட்டையைத் தின்றுகொண்டே அவன் பதினொன்று என்று எழுதினான். அதற்குள் சந்தையிலும் பேச்சு பரவிவிட்டது. சிங்லாமை, பதினோரு பன்றியைத் தூக்கிக்கொண்டு போனவள் என்றே சொல்ல ஆரம்பித்தார்கள். யூங்ஹோவின் காதிலும் அது விழுந்தது. விழுந்தபோதெல்லாம் மீன் கழுவும் குழாயைப் பெரிதாகத் திறந்துவிட்டாள்.

அப்போதுதான் அவளுக்கு அந்த மகா யோசனை வந்தது. நீதிமன்றம் என்ன கேட்கும்? ரசீது கேட்கும். இல்லாத எட்டுப் பன்றிக்கு ரசீது எங்கிருந்து வரும்? ரசீது இல்லை, போ என்று தள்ளிவிடுவார்கள். சிங்லாமுக்கும் சேதமில்லை, தனக்கும் தலைகுனிவில்லை. சட்டத்துக்குக் கண்ணில்லையடி என்று மேஜையில் உட்கார்ந்து நாலு நாள் திட்டினால் கதை முடிந்தது. இதற்குத்தான் அந்த ஊதுபத்தி.

வழக்கு நாளன்று நீதிமன்றம் சின்ன அறைதான். பார்வையாளர் வரிசையில் நாலு சிநேகிதிகளும் சால்வை முதல் கைப்பைவரை சிங்காரித்து உட்கார்ந்திருந்தார்கள். யூங்ஹோவின் பக்கத்தில் கின்ஃபாய். அன்றைக்கு வடக்கே ஹூனான் மாகாணத்திலிருந்து அவன் புறாக்கள் பறந்து வர வேண்டிய பந்தயம், மேஜைக்கடியில் போனைப் பார்த்துக்கொண்டிருந்தான். எதிரே சிங்லாம் தனியாக உட்கார்ந்திருந்தாள். வக்கீல் இல்லை. கழுத்தில் ஒன்றுமில்லை. நீதிபதி மோக் நாற்பது வயதுப் பெண்மணி, பார்த்தாலே மதியம் சாப்பிடப் போக வேண்டும் என்ற அவசரம் தெரிந்தது.

நீதிபதி ரசீது கேட்டார். யூங்ஹோ, அப்போதைக்கு வாங்கிப் போட்டது, காகிதமெல்லாம் எங்கே வைத்துக்கொள்கிறோம் என்று உற்சாகமாகக் கையை விரித்தாள். அவ்வளவு சந்தோஷமாக ஆதாரமில்லை என்று சொன்ன வாதியை அந்த நீதிபதி அதற்குமுன் பார்த்திருக்க மாட்டார். வேறு ஆதாரம் உண்டா என்று கேட்டார். இல்லவே இல்லை என்று யூங்ஹோ முடிப்பதற்குள், பின்னால் ஹெங் எழுந்துவிட்டாள்.

அவளிடம் கல்யாண வீடியோ இருந்தது. விருந்தில் அவள் ஆடியது அதில் மூன்று நிமிஷம் வருகிறது என்பதால் பத்திரமாக வைத்திருந்தாள். சிநேகிதிக்காக நேற்றே நீதிமன்ற எழுத்தரிடம் கொடுத்தும் விட்டாளாம். "உனக்குத் தெரியாம வைக்கணும்னுதான் சொல்லலை," என்று யூங்ஹோவைப் பார்த்துக் கண்ணடித்தாள். யூங்ஹோவுக்கு அந்தக் கண்ணைத் தோண்ட வேண்டும் போலிருந்தது.

திரையில் ஓடியது. காமிராக்காரன் லேசுப்பட்டவனில்லை, ஒவ்வொரு பன்றி கழுத்தில் விழும்போதும் படத்தை மெதுவாக்கி, சுற்றி இதயங்களைப் பறக்க விட்டு, மூலையில் எண்ணிக்கையும் போட்டிருந்தான். ஒன்று. இரண்டு. மூன்று. பின்னணியில் வயலின். நீதிபதி இசையை நிறுத்தச் சொன்னார். பாட்டு இல்லாமல் பன்றிகள் மட்டும் மௌனமாக ஏறிக்கொண்டே போயின. எழுத்தர் பேனாவால் எண்ணினார். பதினொன்றில் நின்றது. பதினொன்றாவது பன்றியை மாட்டிவிட்டுத் திரையிலிருந்த யூங்ஹோ கூட்டத்தைப் பார்த்துச் சிரித்தாள். கீழேயிருந்த யூங்ஹோ கண்ணை மூடிக்கொண்டாள்.

நீதிபதி சிங்லாமிடம் திரும்பினார். இவை உங்கள் கழுத்தில் போடப்பட்டவைதானா என்று கேட்டார். ஆமாம் என்றாள். இப்போது எத்தனை இருக்கின்றன என்று கேட்டார். மூன்று என்று சொல்லி, ஒரு சின்னத் துணிப்பையை மேஜைமேல் வைத்தாள்.

"மிச்சம் எட்டும் எங்கேம்மா?"

"அதை நான் சொல்ல முடியாதுங்க."

நீதிபதி பொறுமையாக விளக்கினார். விற்றிருந்தால் விற்றேன் என்று சொல்லலாம், திருடு போயிருந்தால் அதையும் சொல்லலாம், திருப்பிக் கொடுத்திருந்தால் யாரிடம் என்று சொல்லலாம். ஒன்றும் சொல்லாவிட்டால் எட்டும் உங்களிடம் இருப்பதாகத்தான் நான் வைத்துக்கொள்ள வேண்டிவரும், அதில் ஒரு பெரும் பங்கை நீங்கள் கொடுக்க வேண்டிவரலாம். இன்றைய தங்க விலை தெரியும்தானே? சிங்லாம் தெரியும் என்றாள்.

"கொடுத்துடறேங்க," என்றாள். "கேக் சுடற பெரிய அடுப்பை வித்துட்டா பாதி வந்துடும். மீதிக்குக் கொஞ்சம் தவணை மட்டும் வேணும்."

சபை உச்சுக் கொட்டியது. யூங்ஹோ வாழ்க்கையிலேயே முதல்முறையாக ஒரு வழக்கில் ஜெயித்துக்கொண்டிருந்தாள். இதென்ன பெண், வாயைத் திறந்து ஒரு வார்த்தை சொன்னால் வழக்கு இத்தோடு போச்சே, இதற்கு ஏன் இப்படிக் கல் மாதிரி உட்கார்ந்திருக்கிறது என்று கோபம் கோபமாக வந்தது. அந்தக் கேக் அடுப்பு வீட்டுக்கு வந்த நாள் அவளுக்குத் தெரியும். நாலு பேர் படியேற்றினார்கள். சிங்லாம் கூடவே ஏறி, மூலை இடிக்காமல் கையை வைத்துப் பிடித்து, விரல் நசுங்கி, அன்றைக்கே அந்தக் கட்டுப்போட்ட விரலோடு முட்டைப் பணியாரம் சுட்டு மீன் கடைக்குக் கொண்டுவந்தாள். அந்த அடுப்பை விற்று, இல்லாத எட்டுப் பன்றிக்குக் கொடுக்கப் போகிறாளாம்.

யூங்ஹோ மகனைப் பார்த்தாள். அவன் போனில் புறாக்கள் தங்கள் சொந்த மாகாணமான குவாங்தொங்கின் எல்லையைத் தாண்டியிருந்தன. திரும்பிச் சிநேகிதிகளைப் பார்த்தாள். நாலு பேரும் நாலு பக்கம் பார்த்தார்கள். எட்டில் இரண்டு என் வீட்டுப் பீரோவில் அல்லவா இருக்கிறது என்று நாலு பேர் முகத்திலும் எழுதியிருந்தது. நாலு பேரும் வாயை இறுக்கி மூடியிருந்தார்கள். அவளுக்காகத்தான் மூடியிருந்தார்கள், அதுவும் அவளுக்குத் தெரிந்தது. அவள் மட்டும் பேசாமலிருந்தால் இந்த அறையில் ஒருத்தரும் பேசப் போவதில்லை. மேஜையில் அவள் இடம் அப்படியே இருக்கும். பதினோரு பன்றிக்காரியாகவே சாகலாம்.

எப்போது எழுந்தாள் என்று அவளுக்கே தெரியாது.

"அவகிட்ட எட்டு இல்லை," என்றாள். "எப்பவுமே இல்லை. எட்டும் இரவல். நான்தான் வாங்கினேன், நான்தான் மறுநாள் திருப்பிக் கொடுத்தேன். என்னோடது மூணே மூணு."

கின்ஃபாய் போனிலிருந்து தலையைத் தூக்கி, "மூணுதானாம்மா?" என்றான். அன்றைக்கு அவன் பேசிய ஒரே பேச்சு அது.

நீதிபதி மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார். பொய் மனு போட்டால் என்ன தண்டனை என்று ஆரம்பித்தார். நிறுத்தினார். முதலில் இது உண்மைதானா என்று பார்ப்போம், யாரிடம் இரவல் வாங்கினீர்கள், அவர்கள் வந்து சொல்வார்களா என்று கேட்டார். நாலு பேரிடமும் உன்னிடம் மட்டும்தான் என்று சொல்லி வாங்கிய யூங்ஹோ வாயிலிருந்து பேர் வருமா?

பின்னால் நாற்காலி கிரீச்சிட்டது. ஹெங். "ரெண்டு என்னோடதுங்க," என்றாள் பெரிய குரலில். பிறகு யூங்ஹோவைப் பார்த்து, "ஆனா ஒன்பது இருக்குன்னியே பாவி, மிச்சம் ஆறும் யாரோடது?" என்றாள்.

"ரெண்டு என்னோடது," என்று சோய் எழுந்தாள். எழுந்தவள் ஹெங்கைப் பார்த்தாள். ஹெங் சோயைப் பார்த்தாள். என்னிடம் மட்டும்தான் கேட்டாள் என்று நினைத்தேனே என்று இரண்டு பேரும் ஒரே மூச்சில் சொன்னார்கள். மூன்றாவதாக லின் எழுந்தாள். சுருக்கமில்லாத சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டு, தானும் இரண்டு கொடுத்ததாகச் சொன்னாள். சொல்லிவிட்டு உட்காராமல் அங்கேயே நின்றாள்.

"அந்த ரெண்டும் என்னோடது இல்லைங்க," என்றாள் லின், மெதுவாக. அவள் கணவர் நோயில் கிடந்தபோதே அவளுடைய பன்றிகள் போய்விட்டன. யூங்ஹோ வந்து கேட்டபோது இல்லை என்று சொல்ல நாக்கு வரவில்லை. அண்ணன் மகள் கல்யாணம் என்று ஹெங்கிடம் போய் இரண்டு வாங்கி, அதைத்தான் கொடுத்தாளாம்.

ஹெங்குக்கு இதைக் கணக்குப் போட்டுப் புரிந்துகொள்ளக் கொஞ்ச நேரம் பிடித்தது. புரிந்ததும் முன் நாற்காலியைப் பிடித்துக்கொண்டாள். "அப்ப அந்தக் கழுத்துல நாலு என்னோடது," என்றாள். "நாலு என்னோடது. நான் அங்கேயே நின்னு, எந்தக் கடையில எடுத்தே, வேலைப்பாடு ரொம்ப நல்லாருக்கேன்னு கேட்டேன்டி."

எழுத்தர் வாயைப் பொத்திக்கொண்டார். நீதிபதி கண்டிப்பாக முகத்தை வைத்துக்கொண்டு, எட்டாகவில்லையே, இன்னும் இரண்டு எங்கே என்றார். எல்லார் தலையும் தோவின் பக்கம் திரும்பியது. மூன்று வீட்டுக்காரி தோ முகத்தில் ஈயாடவில்லை. எழாமல், உட்கார்ந்த இடத்திலேயே, தன் இரண்டும் கல்யாண உடுப்புக் கடையில் நாள் வாடகைக்கு எடுத்தது என்றாள். ஒரு நாளைக்கு நூற்றெண்பது யுவான். யூங்ஹோ ஒரு நாள் தாமதமாகத் திருப்பியதால் முந்நூற்றறுபது.

முதலில் சிரித்தது யார் என்று பிறகு ரொம்ப நாள் சண்டை போட்டார்கள். சோய் என்று எல்லாரும் சொன்னார்கள், சோய் எழுத்தர்தான் என்றாள். ஒருத்தி ஆரம்பித்ததும் பார்வையாளர் வரிசையே குலுங்கியது. ஹெங் கண்ணில் நீர் வழிய லின் முதுகில் ஓங்கி ஓர் அறை விட்டாள். அதில் மன்னிப்பும் இருந்தது, வலியும் இருந்திருக்கும். இருபது வருஷம் ஒருத்தி முன்னால் ஒருத்தி நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு தேத்தண்ணி குடித்திருக்கிறார்கள், நிமிர்த்தின நெஞ்சில் பாதி இரவல். காவலர் எட்டிப் பார்த்தார். நீதிபதி மேஜையைத் தட்டினார், மறுபடி தட்டினார், மூன்றாம் தட்டில் அவருக்கே உதடு துடித்ததால் பத்து நிமிஷம் இடைவேளை விட்டு எழுந்து உள்ளே போய்விட்டார்.

யூங்ஹோ சிரிக்கவில்லை. மேஜையைச் சுற்றிக்கொண்டு சிங்லாமிடம் போனாள். போய்த் திட்டினாள். திட்டத்தான் வந்தது.

"உனக்குப் பைத்தியமாடி? அடுப்பை விப்பாளாம் அடுப்பை. வாயில என்ன கொழுக்கட்டையா? இந்தக் கிழவி புளுகறா, எட்டும் இரவல்னு ஒரு வார்த்தை சொல்ல வேண்டியதுதானே?"

"சொல்லாதேன்னு நீங்கதானே சொன்னீங்க, அத்தை."

"அது அப்ப. அதுக்கப்புறம் நான் உன்மேல கேஸே போட்டுட்டேனே."

சிங்லாம் அவளை நிமிர்ந்து பார்த்தாள். கோபமாகப் பார்த்திருந்தால்கூட யூங்ஹோ தாங்கியிருப்பாள். "அந்த வீட்டுல பத்து மாசம் இருந்தேன். உன்னை நம்பிச் சொல்றேன்னு ஒருத்தர் என்கிட்ட சொன்னது அது ஒண்ணுதான்," என்றாள். "அதையும் விட்டுட்டா, அந்தப் பத்து மாசத்துல எனக்குன்னு வேற என்ன இருக்கு?"

இந்தப் பெண்ணையா திருடி என்று ஊர் பேச விட்டோம், குழாயைத் திறந்துவிட்டுக்கொண்டு நின்றோம் என்று யூங்ஹோவுக்கு வெட்கமாகப் போயிற்று. தப்பு பண்ணிட்டேன் என்றாள். முப்பது வருஷம் சந்தையில் கத்திய தொண்டையிலிருந்து அது மெதுவாக வந்ததால், இன்னொரு தரம் உரக்கச் சொன்னாள். பின்னாலிருந்த நாலு பேருக்கும் கேட்க வேண்டும் என்றே சொன்னாள்.

நீதிபதி முகம் கழுவிக்கொண்டு திரும்பி வந்தார். யூங்ஹோவை எழுப்பி நிற்க வைத்து, நீதிமன்றம் தேநீர்க் கடை மாடி இல்லை என்பதில் தொடங்கி நல்ல டோஸ் விட்டார். யூங்ஹோ எல்லாவற்றுக்கும் ஆமாங்க ஆமாங்க என்று தலையாட்டினாள். எட்டும் கணக்கிலிருந்து நீங்கியது. மிச்சம் இந்த மூன்று, இதையாவது கேட்கிறீர்களா என்றார். வேண்டாம், அது அவளுக்குப் போட்டது, அவளுடையது என்றாள் யூங்ஹோ. எனக்கு வேண்டாம், அதைக் கொடுக்கத்தான் கொண்டுவந்தேன் என்றாள் சிங்லாம். நீ வச்சுக்கோ, இல்லை நீங்க வச்சுக்கோங்க என்று பை மேஜைமேல் இப்படியும் அப்படியும் நாலு தரம் நகர்ந்தது. நகையைக் கேட்டு அடித்துக்கொள்கிறவர்களுக்குத்தான் சட்டத்தில் வழி உண்டு, வேண்டாம் என்று அடித்துக்கொண்டால் நான் எந்தப் பிரிவில் எழுதுவது என்று நீதிபதி கேட்டார். கடைசியில், வாதி மனுவைத் திரும்பப் பெறுகிறார், மூன்று பதக்கமும் எதிர்த்தரப்பிடமே இருக்கும் என்று எழுதச் சொல்லி, இரண்டு பேரையும் கையெழுத்துக்குக் கூப்பிட்டார்.

எழுத்தரின் மேஜையில் தோளோடு தோள் நின்றார்கள். சிங்லாம் பேனாவை எடுத்தாள். யூங்ஹோ சுற்றிலும் ஒரு பார்வை பார்த்துவிட்டு அவள் காதோரம் குனிந்தாள்.

"அதுல பெரிசு ஒண்ணு இருக்கு பாரு, அஞ்சு குட்டியோட. அதை மட்டும் கடையில கொண்டுபோய் நீட்டிடாதே, உனக்குத்தான் அசிங்கம். உள்ள பித்தளை. மேல முலாம்."

சிங்லாம் காகிதத்திலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "தெரியும், அத்தை. ரெண்டாம் மாசமே கழுத்தெல்லாம் பச்சையா படிஞ்சுது."

"தெரியுமா? பின்ன ஏண்டி ஒரு வார்த்தை கேக்கலை?"

"நீங்க என்கிட்ட சொல்லலையே," என்றாள் சிங்லாம். "நீங்களே சொல்லாததை, எனக்குத் தெரிஞ்ச மாதிரி நான் எப்படிக் காட்டிக்கறது?"

அங்கே என்ன ரகசியம் என்று நீதிபதி கேட்டார். ஒன்றுமில்லை என்று இரண்டு பேரும் ஒரே குரலில் சொன்னார்கள். யூங்ஹோவுக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து முட்டிக்கொண்டு வந்தது. மகனுக்குப் பெண் தேடி ஊர் ஊராக அலைந்தவள், தனக்கென்று இப்படி ஒருத்தி வீட்டுக்கு வந்திருந்ததைக் கவனிக்காமல் போய்விட்டாள். பேனாவை வாங்கிக் கையெழுத்துப் போட்டாள். கண்ணைத் துடைத்துக்கொண்டே போட்டதால் கோணலாக விழுந்தது. எழுத்தர் இன்னொரு தாள் கொடுத்து மறுபடி போடச் சொன்னார்.